கழுத்தக்காவின் ஆறு வார விதி

ஆஸ்பத்திரியின் கீழ்த்தளத்தில், துணி துவைக்கும் பகுதிக்கும் பழைய எக்ஸ்ரே படங்கள் அடைந்து கிடக்கும் அறைக்கும் நடுவே ஒரு நீளமான அறை இருந்தது. ஜன்னல் கிடையாது. ஒன்பது மேசை, ஒன்பது கம்ப்யூட்டர், ஒன்பது பேர். மேலே ஐந்து மாடியிலும் யாருக்கு என்ன வந்தாலும் அது கடைசியில் இந்த அறைக்கு ஒரு கோப்பாக இறங்கி வந்துவிடும். டாக்டர் எழுதியதைப் படித்து, அந்த நோய்க்கோ காயத்துக்கோ உரிய குறியீட்டைப் போட்டு, கோப்பை மூடுவது இவர்கள் வேலை. காய்ச்சலுக்கு ஒரு குறியீடு, கால் முறிந்தால் ஒன்று, நாய் கடித்தால் ஒன்று, நாய் கடிக்காமல் வெறுமனே முட்டித் தள்ளினால் வேறொன்று. கேட்டால் சிரிப்புதான் வரும். மனிதனுக்கு நேரக்கூடிய அத்தனை கேட்டையும் யாரோ வேலைமெனக்கெட்டு உட்கார்ந்து வரிசைப்படுத்தி வைத்திருக்கிறார்கள்.

அந்த அறையில் ஆளுக்கு ஒரு உடம்புப் பகுதி. எலும்பைப் பார்க்கிறவர் எலும்புக்காரர். வயிற்றைப் பார்க்கிறவள் வயித்துக்காரி; அவளுக்கு அந்தப் பெயர் பிடிக்காது என்பதாலேயே எல்லாரும் அப்படிக் கூப்பிட்டார்கள். தலையும் கழுத்தும் பார்க்கிறவளுக்குக் கழுத்தக்கா என்று பெயர். வயது நாற்பத்தெட்டு. பத்தொன்பது வருஷமாக அதே மேசை, அதே நாற்காலி. நாற்காலியின் கைப்பிடி மட்டும் இரண்டு முறை மாற்றப்பட்டது.

அதற்கு முன்னால் அவள் ஒரு அச்சகத்தில் பிழை திருத்திக்கொண்டிருந்தாள். ஓர் எழுத்து இடம் மாறி நின்றால் அவளுக்குச் சோறு இறங்காது. அந்தக் கண்ணோடுதான் இங்கே வந்து சேர்ந்தாள். மனித உடம்பைப் பற்றி அவளுக்குத் தெரிந்ததெல்லாம், பழைய புத்தகக் கடையில் வாங்கிய, முதுகு கிழிந்த உடற்கூறு புத்தகம் ஒன்றிலிருந்து தெரிந்ததுதான். ஆனால் குரல்வளை எங்கே முடிகிறது, எந்த நரம்பு எதன் பின்னால் ஒளிந்திருக்கிறது என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வாள். நோயாளி ஒருத்தரைக்கூட அவள் பார்த்ததில்லை. பார்க்கக்கூடாது என்பது விதி. கோப்பில் இருப்பவரைத் தேடிப் போனாலோ, வெளியே பேசினாலோ வேலை போய்விடும்.

பஸ்ஸில் எதிரே வந்து உட்காருகிறவர்களின் முகத்தைப் பார்ப்பதற்கு முன்னால் கழுத்தைப் பார்த்துவிடுவாள். அவள் கணவர் லிஃப்ட் பழுது பார்க்கிறவர். இதை வைத்தே அவளை ஓட்டிக்கொண்டிருப்பார்.

"உன்கிட்ட பேசுறவன் எல்லாம் சட்டை பட்டன் கழண்டிருக்கான்னு தடவிப் பாத்துக்குறான். மனுஷனுக்கு மூஞ்சின்னு ஒண்ணு இருக்கு, அதையும் கொஞ்சம் பாரு."

"மூஞ்சி பொய் சொல்லும்" என்பாள் அவள். கல்லூரிக்குப் போகிற மகள் உடனே துப்பட்டாவை இழுத்துக் கழுத்தை மூடிக்கொண்டு, "ஐயோ, அம்மா என்னை ஸ்கேன் பண்ணிட்டாங்கப்பா" என்று ஓடுவாள். அந்த வீட்டில் இது தினமும் நடக்கிற கூத்து.

இனி ஒரே ஓர் எழுத்தின் கதைக்கு வருவோம். தொண்டையில் அடிபட்டு, தோல் கிழியாமல், உள்ளே ரத்தம் கட்டிக் கன்றிப்போனால் அதற்கு எஸ் பத்து புள்ளி பூஜ்யம். பின்னால் இரண்டு எக்ஸ். அந்த இரண்டுக்கும் அர்த்தம் எதுவும் கிடையாது, சில அதிகாரிகளைப் போல இடத்தை நிரப்ப மட்டும் உட்கார்ந்திருக்கின்றன. ஆனால் கடைசியில் வரும் எழுத்து முக்கியம். ஏ என்று முடிந்தால் காயம் புதிது. டி என்று முடிந்தால் காயம் பழையது, ஆறிக்கொண்டிருக்கிறது, எப்படி இருக்கிறது என்று காட்டிவிட்டுப் போக ஆள் வந்திருக்கிறார். ஏ புதுசு, டி தொடர்ச்சி. அவ்வளவுதான்.

மேலே இருக்கும் பயிற்சி டாக்டர்களுக்கு இந்த வித்தியாசம் மண்டையில் ஏறவே ஏறாது. தையல் பிரிக்க வந்தவனுக்கும் புதுசு, கட்டு மாற்ற வந்தவனுக்கும் புதுசு என்று போட்டுத் தள்ளுவார்கள். ஒரே ஆளுக்கு ஒரே காயம் இரண்டு முறை புதிதாக வந்தால் கம்ப்யூட்டரில் சிவப்புக் கட்டம் எரியும். மாதக் கடைசியில் அந்தச் சிவப்புக் கட்டங்கள் எல்லாம் சூப்பர்வைசர் தலையில் விடியும். அவர் வந்து இவர்கள் தலையில் கட்டுவார். இரண்டு வருஷத்துக்கு முன்னால் கழுத்தக்காதான் இதற்கு ஒரு வழி கண்டுபிடித்தாள். ஆயிரத்துச் சொச்சம் கோப்புகளைப் புரட்டிப் பார்த்துவிட்டு, ஒரு தாளில் எழுதிச் சுவரில் ஒட்டினாள்: அதே ஆள், அதே இடம், முந்தின வருகையிலிருந்து ஆறு வாரத்துக்குள் என்றால் தொடர்ச்சி.

சிவப்புக் கட்டங்கள் மாயமாக மறைந்தன. ஒன்பது பேரும் கண்ணை மூடிக்கொண்டு அந்த விதியைப் பின்பற்றினார்கள். சூப்பர்வைசர் அந்தத் தாளுக்குப் பிளாஸ்டிக் உறை போட்டு, அதன் கீழே 'கழுத்தக்கா விதி' என்று சிவப்பு மையில் எழுதினார். பொறாமையில் வயித்துக்காரி இரண்டு நாள் பேசவில்லை. கழுத்தக்காவுக்கு உள்ளுக்குள் தலைகால் புரியாத பெருமை. அதை மறைக்க அவள் பட்ட பாடு எல்லாருக்கும் தெரிந்தது.

அந்தப் பெருமைதான் அவளை அந்தக் கோப்பிடம் கொண்டுபோய் விட்டது.

கிளை ஆஸ்பத்திரிகளிலிருந்து இருபது பேர் வரப்போகிறார்கள், அவர்களுக்கு விதியை விளக்க வேண்டும், நல்ல உதாரணமாக ஒரு கோப்பை எடுத்து வையுங்கள் என்று சூப்பர்வைசர் சொல்லியிருந்தார். ஒரு புதன்கிழமை காலை அவள் உட்கார்ந்து தேடினாள். ஒரே ஆள், ஒரே காயம், நாலு வருகை, முதலாவது ஏ, பிறகு மூன்று டி. அச்சு வார்த்தது போல ஒரு கோப்பு அகப்பட்டது. பெண், வயது முப்பத்தொன்று, தொண்டையில் ரத்தக்கட்டு. நாலையும் இவளேதான் போட்டிருந்தாள். திரையில் காட்டுவதற்காக நாலு வருகையையும் ஒன்றன் கீழ் ஒன்றாக எடுத்து வைத்தாள்.

அதுவரை அவள் அந்த நாலையும் சேர்த்துப் பார்த்ததே இல்லை. ஒரு கோப்புக்கு நாலு நிமிடம்தான் கணக்கு. நோயின் பெயர் எழுதிய முதல் வரியைப் படிப்பாள், காரணம் எழுதிய கடைசி வரியைப் படிப்பாள். நடுவில் டாக்டர் கிறுக்கியிருப்பதைப் படிக்க நேரமும் இல்லை, அவசியமும் இல்லை. இன்றைக்கு உதாரணம் காட்ட வேண்டியிருந்ததால் நடுவில் இருந்ததையும் படித்தாள்.

முதல் வருகை: வலது தாடைக்குக் கீழே, இரண்டு விரல் அகலம், நீலம். இருபத்தாறு நாள் கழித்து: இடது பக்கம், கருநீலம். அடுத்து முப்பத்து மூன்று நாள் கழித்து: குரல்வளைக்கு நேர் மேலே, சிவந்து, தொட்டால் வலி. கடைசியாக இருபது நாள் கழித்து: இரண்டு பக்கமும், குரல் கரகரப்பு, விழுங்கச் சிரமம்.

ரத்தக்கட்டு எப்படி ஆறும் என்று சின்னப் பிள்ளைக்குக்கூடத் தெரியும். நீலம் பச்சையாகும், பச்சை மஞ்சளாகும், மஞ்சள் மங்கி மறையும். மறுபடி நீலமாகாது. வலப்பக்கத்திலிருந்து இடப்பக்கத்துக்கு நடந்து போகாது. கழுத்தக்கா இரண்டாம் முறை படித்தாள்.

பிறகு காரணங்களைப் பார்த்தாள். முதல் முறை, அலமாரிக் கதவு இடித்தது. இரண்டாம் முறை, படியில் சறுக்கிக் கைப்பிடியில் மோதியது. மூன்றாம் முறை, தூக்கத்தில் கட்டில் விளிம்பு. நாலாம் முறை, வளர்ப்பு நாயின் சங்கிலி சுற்றிக்கொண்டது. ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாகத் தேடிக் குறியீடு போட்டவள் அவள்தான். அந்த நாய்ச் சங்கிலிக்கு ஏற்றது அகப்படாமல் அன்றைக்கு வெகுநேரம் அலைந்ததும், அகப்பட்டவுடன் அறை முழுக்கச் சொன்னதும், எலும்புக்காரர் "நாய்க்கு ஏதாவது அடி பட்டுச்சாமா?" என்று கேட்டதும், எல்லாரும் வயிறு குலுங்கச் சிரித்ததும் நினைவுக்கு வந்தன. ஆறுகிற ஒரு காயத்துக்கு எதற்கு நாலு காரணம் என்று அந்த அறையில் ஒருத்தருக்கும் தோன்றவில்லை. ஓர் எழுத்து இடம் மாறினால் சோறு இறங்காதவளுக்கும் தோன்றவில்லை.

அவளைத் தூக்கிவாரிப் போட்டது அதுகூட இல்லை. ஆஸ்பத்திரியில் பாதுகாப்புக் குழு என்று ஒன்று உண்டு. ஒரே ஆளுக்குத் தலையிலோ கழுத்திலோ ஒரு வருஷத்தில் மூன்று புதுக்காயம் விழுந்தால், மாதம் பிறந்ததும் கம்ப்யூட்டர் அந்தப் பெயரைத் தானாகவே எடுத்துக் குழுவின் பட்டியலில் போடும். அங்கிருக்கும் சமூகப் பணியாளர் அந்த ஆளைத் தனியாகக் கூப்பிட்டு விசாரிப்பார். டாக்டர் கவனிக்காவிட்டாலும், நர்ஸ் கவனிக்காவிட்டாலும், எழுத்து கவனிக்கும் என்றுதான் அந்த ஏற்பாடு. ஏ, ஏ, ஏ என்று இருந்திருந்தால் இந்தப் பெண்ணின் பெயர் மூன்றாவது வருகையோடு பட்டியலில் ஏறியிருக்கும். நாலாவதே நடந்திருக்காது. பயிற்சி டாக்டர் நாலு முறையும் ஒழுங்காக ஏ என்றுதான் போட்டிருந்தார். மூன்றை மாற்றியது கழுத்தக்கா.

அவள் எழுந்து சூப்பர்வைசர் மேசைக்குப் போனாள். அவர் அவளைவிடப் பத்து வயது சின்னவர், யாரையும் நோகடிக்காத மனிதர், அதனாலேயே யாருக்கும் உபயோகப்படாதவர். முழுவதையும் கேட்டுவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"அக்கா, டாக்டர் எழுதாததை நாம எழுதக்கூடாது. இது உங்களுக்கே தெரியும். அடிச்சாங்கன்னு எங்கயாவது எழுதியிருக்கா?"

"அடிச்சாங்கன்னு நானும் எழுதலை சார். புதுசுன்னு டாக்டர் போட்டதைப் பழசுன்னு மாத்தினேன். அதைத் திருப்பி மாத்தணும்."

"மாத்தினா பிழைன்னு பதிவாகும். ஒரே கோப்புல மூணு பிழை. அப்புறம்..." அவர் சுவரைப் பார்த்தார். "அந்த விதியை வெச்சு ரெண்டு வருஷமா மாத்தினது எத்தனை கோப்பு இருக்கும்? எல்லாத்தையும் தோண்டச் சொல்வாங்க. அடுத்த மாசம் பொறுமையா உக்காந்து பேசுவோம்க்கா."

"அடுத்த மாசம் அந்தப் பொண்ணு இருக்கணுமே சார்."

கழுத்தக்கா அவர் மேசையிலிருந்தே திருத்தப் படிவத்தை எடுத்தாள், அங்கேயே நின்றபடி நிரப்பினாள். காரணம் என்ற கட்டத்தில் 'என் தவறு' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள். திரும்பி வரும் வழியில் பிளாஸ்டிக் உறை போட்ட தாளைச் சுவரிலிருந்து பிடுங்கினாள். பிசின் நன்றாகப் பிடித்திருந்ததால் சுண்ணாம்பும் சேர்ந்து வந்தது. மற்ற எட்டுப் பேரும் தலை தூக்கிப் பார்த்தார்கள்.

அன்றைக்குத் தேதி ஒன்பது. பட்டியல் வர இன்னும் மூன்று வாரம் கிடந்தது. அவளால் அதுவரை பொறுக்க முடியவில்லை. பாதுகாப்புக் குழுவுக்கு நேராகப் போன் செய்து சொன்னாள். சமூகப் பணியாளர் சுறுசுறுப்பான பெண்மணி. பட்டியலில் வரட்டும் என்று தட்டிக் கழிக்கவில்லை. கோப்பு எண்ணை வாங்கிக்கொண்டு, "இப்பவே பாக்கறேன்" என்று வைத்தார். கழுத்தக்காவுக்கு அப்பாடா என்று இருந்தது. ஒரு டம்ளர் தண்ணீர் குடித்தாள். இருபது நிமிடத்தில் போன் திரும்ப அடித்தது.

"பேசிட்டேன். நல்லாத்தான் இருக்காங்களாம்."

"அந்தப் பொண்ணு பேசினாங்களா?"

"இல்ல, வீட்டுக்காரர்தான் எடுத்தார். ரொம்ப மரியாதையா பேசினார். வெளிய போயிருக்காங்க, வந்ததும் சொல்றேன்னார்."

கழுத்தக்கா கோப்பின் முதல் பக்கத்தைத் திறந்தாள். தொலைபேசி எண். பக்கத்தில் யாருடையது என்ற கட்டம். கணவர். நாலு வருகையிலும் அதே எண். அந்தப் பெண்ணுடைய எண் எங்கேயும் இல்லை.

"மேடம், அவர்கிட்ட என்னன்னு சொன்னீங்க?"

"ஆஸ்பத்திரியில இருந்து பேசறோம், கழுத்துல வர்ற காயத்தைப் பத்தி அவங்ககிட்ட தனியா கொஞ்சம் பேசணும்னு..." சொல்லி முடிப்பதற்குள் அந்தம்மாவுக்கே உறைத்துவிட்டது.

அன்று சாயங்காலம் வீட்டில் அவள் தட்டில் போட்டதை அளைந்துகொண்டே இருந்தாள். கோப்பில் இருப்பதை வெளியே பேசக்கூடாது. பத்தொன்பது வருஷத்தில் அவள் கணவரிடம் ஒரு வரிகூடச் சொன்னதில்லை. இன்றைக்கும் சொல்லவில்லை.

"ஆபீஸ்ல ஒரு தப்பு பண்ணிட்டேன்" என்றாள்.

"நீயா?" என்று சிரித்தவர், அவள் முகத்தைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டார். "சரி பண்ண முடியுமா?"

"சரி பண்ணத்தான் போனேன். இன்னும் மோசமாயிடுச்சோன்னு பயமா இருக்கு."

மகள் அம்மாவின் தட்டை எடுத்துக்கொண்டு போய்க் கழுவி வைத்தாள். அன்றைக்கு யாரும் கழுத்தைப் பற்றி விளையாடவில்லை.

கோப்பில் ஒன்று மட்டும் அவளுக்குத் தெம்பு கொடுத்தது. மறுபரிசோதனை, வியாழக்கிழமை, பதினொரு மணி. அதாவது மறுநாள். வருவார்களா என்பதுதான் கேள்வி. போன் போகாமல் இருந்திருந்தால் வந்திருப்பார்கள். அதற்குப் பிறகு அந்தப் பெண்ணின் கணவன் கூட்டிக்கொண்டு வருவானா?

காலையில் வேலைக்கு வந்ததும் தொண்டைப் பிரிவு நர்ஸுக்குப் போன் செய்தாள். பன்னிரண்டு வருஷப் பழக்கம், ஆனால் குரல் மட்டும்தான் தெரியும். புரியாத கையெழுத்தைப் படித்துச் சொல்லச் சொல்லி வாரம் இரண்டு முறையாவது அவளைத் தொந்தரவு செய்வது வழக்கம்.

"பதினோரு மணிக்கு ஒரு கேஸ் வரும்மா. வந்தா எடை பாக்கணும்னு தனியா உள்ள கூட்டிட்டுப் போ. கூட வர்றவரை வெளிய உக்கார வெச்சிடு."

"தொண்டைக்கு வந்தவங்களுக்கு எடை எதுக்குக்கா?"

"முழுங்க கஷ்டம்னு எழுதியிருக்கு. சாப்பிடாம இளைச்சிருக்காங்களான்னு பாக்க வேணாமா?"

நர்ஸ் கெட்டிக்காரி. விஷயம் எடை இல்லை என்று புரிந்துகொண்டு, "சரிக்கா" என்றாள். பிறகு, "நீங்களும் மேல வர்றீங்களா?" என்று கேட்டாள். கழுத்தக்கா அதுவரை அதை முடிவு செய்திருக்கவில்லை. விதி என்ன என்று அவளுக்கு நன்றாகவே தெரியும். "வர்றேன்" என்றாள்.

மூன்றாம் மாடி. தொண்டைப் பிரிவின் நீள பெஞ்சில் பத்துப் பதினைந்து பேர் உட்கார்ந்திருந்தார்கள். இத்தனை வருஷமாக எழுத்தும் எண்ணுமாகப் பார்த்தவற்றுக்கெல்லாம் கையும் காலும் இருந்தது அவளுக்கு விநோதமாகப் பட்டது. ஒருத்தர் இருமினார். ஒரு குழந்தை காதைப் பிடித்துக்கொண்டு அழுதது. கடிகாரத்தில் பதினொன்று ஆயிற்று. பதினொன்றே கால் ஆயிற்று. லிஃப்ட் கதவு ஒவ்வொரு முறை திறந்தபோதும் அவள் எட்டிப் பார்த்தாள். பதினொன்றரைக்கு, இனி வர மாட்டார்கள் என்று நினைத்தாள். அவன் வீட்டுக் கதவைச் சாத்திக்கொண்டிருப்பான் என்று நினைத்தாள். அதற்கு மேல் நினைக்கப் பயமாக இருந்தது.

பதினொன்று முப்பத்தெட்டுக்கு வந்தார்கள்.

அவனை யாருக்கும் பிடித்துப்போகும். இஸ்திரி கலையாத சட்டை, சிரித்த முகம். மனைவியின் கைப்பையை இவன்தான் சுமந்துகொண்டு வந்தான். தண்ணீர் பாட்டிலின் மூடியைத் திறந்து அவளிடம் கொடுத்தான். பெஞ்சில் இடம் கிடைத்தபோது ஒரு வயதானவரை உட்காரச் சொல்லிவிட்டு இவன் நின்றான். "தங்கமான புள்ள" என்று அவர் பக்கத்தில் இருந்தவரிடம் சொன்னது கழுத்தக்கா காதில் விழுந்தது. அந்தப் பெண் ஒல்லியாக இருந்தாள். வெளியே வெயில் கொளுத்தியது. அவள் தாடை வரைக்கும் ஒரு சால்வையைச் சுற்றியிருந்தாள்.

நர்ஸ் பெயரைக் கூப்பிட்டாள். அந்தப் பெண் வாயைத் திறப்பதற்குள் அவன், "வந்துட்டோம் சிஸ்டர்" என்றான். வலி எப்படி இருக்கிறது என்று கேட்டாள். "இப்ப பரவாயில்ல, நல்லா தூங்கறா" என்றான். மாத்திரை சாப்பிடுகிறார்களா என்று கேட்டாள். "நான்தான் எடுத்துக் கொடுக்கறேன்" என்றான். பிறகு சிரித்துக்கொண்டே, "நேத்து இங்க இருந்து யாரோ போன் பண்ணாங்க. என்ன விஷயம்னு புரியலை. அதான் நேர்லயே கேட்டுட்டுப் போயிடலாம்னு வந்தோம்" என்றான். கேட்கும்போது அவன் கண் அங்கிருந்த ஒவ்வொருவரையும் ஒரு சுற்றுச் சுற்றி வந்தது. கழுத்தக்கா தலையைக் குனிந்துகொண்டாள்.

"எடை பாக்கணும். அவங்க மட்டும் வரட்டும்" என்றாள் நர்ஸ்.

"நான் இருந்தா என்ன சிஸ்டர், எடைதானே?"

"உள்ள லேடீஸ் இருக்காங்க. நீங்க உக்காருங்க."

எடை பார்க்கும் அறை ஒரு அலமாரி அளவுதான் இருக்கும். ஒரு எடை மெஷின், ஒரு ஸ்டூல், டாக்டர் அறைக்குப் போகிற ஒரு உள்கதவு. நர்ஸ் அந்தப் பெண்ணை உள்ளே விட்டாள், பின்னாலேயே கழுத்தக்கா நுழைந்தாள். "டாக்டர் ஒரு பேஷண்ட்டோட இருக்கார், முடிஞ்சதும் கூட்டிட்டு வர்றேன். பாதுகாப்புக் குழுவுக்கும் சொல்லிடறேன்" என்று காதோடு சொல்லிவிட்டு நர்ஸ் உள்கதவு வழியாகப் போனாள்.

அந்தப் பெண் தானாகவே எடை மெஷினில் ஏறி நின்றாள். நாற்பத்தொன்று காட்டியது.

"இறங்குங்கம்மா. எடைக்காகக் கூப்பிடலை." கழுத்தக்காவுக்கு என்ன பேசுவதென்று தெரியவில்லை. மனிதர்களிடம் கேள்வி கேட்டு அவளுக்குப் பழக்கமில்லை. "நான் கீழ உக்காந்து உங்க கோப்பைப் பாக்கறவ. டாக்டர் எழுதினதுக்குக் கோட் போடறவ."

அந்தப் பெண் அவளை உற்றுப் பார்த்தாள். குரல் அரைத்த மாதிரி வந்தது. "நீங்கதானா?"

"என்னைத் தெரியுமா?"

"தெரியாது. யாராவது ஒருத்தர் இருப்பாங்கன்னு நினைச்சேன்." மூச்சு வாங்கிக்கொண்டு மெதுவாகச் சொன்னாள். "எங்க தெரு முனையிலயே கிளினிக் இருக்கு. இங்க வர ரெண்டு பஸ் மாறணும். இங்க தொண்டைக்கு நல்லா பாக்கறாங்கன்னு அவர்கிட்ட அழுது அழுது சொல்லி வருவேன். வேற வேற இடத்துக்குப் போனா யாருக்கும் எதுவும் தெரியாது. ஒரே இடத்துக்குத் திரும்பத் திரும்ப வந்தா, எத்தனாவது தடவைன்னு யாராவது எண்ணிப் பாப்பாங்கன்னு நினைச்சேன். வாயால சொல்லத்தான் முடியாது. கூடவே இருப்பார்."

கழுத்தக்கா பொய் சொல்லியிருக்கலாம். சொல்லியிருந்தால் அந்தப் பெண்ணுக்குத் தெரிந்திருக்கப் போவதில்லை.

"எண்ண வேண்டியவ நான்தாம்மா. நாலையும் ஒண்ணுன்னு எழுதிட்டேன். ஒரே காயம்தான் ஆறிட்டு வருதுன்னு எழுதிட்டேன். நேத்துதான் பாத்தேன்."

அந்தப் பெண் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் தேவலை.

"இப்ப மாத்திட்டீங்களா?"

"மாத்திட்டேன். நாலுன்னு எழுதிட்டேன்."

அந்தப் பெண் சால்வையைக் கழற்றினாள். கழுத்தைச் சுற்றி, காதுக்குக் கீழே வரைக்கும், விரல் விரலாகப் பதிந்திருந்தது. நீலம்கூட ஆகவில்லை, இன்னும் சிவப்பாகவே இருந்தது.

"அஞ்சு" என்றாள். "நேத்து போன் வந்த பிறகு."

கழுத்தக்கா வாயைப் பொத்திக்கொண்டாள். பத்தொன்பது வருஷமாக எத்தனையோ ஆயிரம் கழுத்துக்குக் குறியீடு போட்டவள், அடிபட்ட ஒரு கழுத்தை முதன்முறையாக நேரில் பார்த்தாள். போன் செய்யச் சொன்னவள் தான்தான் என்று சொல்ல வாயெடுத்தாள். சொல்ல வரவில்லை, கண்ணீர்தான் வந்தது. அந்தப் பெண் ஸ்டூலில் உட்கார்ந்து அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வெளியே கதவை இரண்டு விரலால் தட்டும் சத்தம் கேட்டது.

"என்னம்மா, எடை பாக்க இவ்வளவு நேரமா?" குரல் அதே இனிமையோடு வந்தது. "சிஸ்டர், ஏதாவது உதவி வேணுமா?"

அந்தப் பெண் பழக்கத்தில் சட்டென்று எழுந்து சால்வையைச் சுற்ற ஆரம்பித்தாள். அவசரத்தில் சால்வை கீழே விழுந்தது.

"உக்காருங்க" என்றாள் கழுத்தக்கா. "அப்படியே இருங்க. சுத்தாதீங்க. டாக்டர் வருவார். யார் பண்ணினதுன்னு அவர்கிட்ட உங்க வாயால சொல்லுங்க. நீங்க சொன்னா அவர் எழுதுவார். அவர் எழுதினா நான் எழுதுவேன். அதுக்கப்புறம் அதை ஒருத்தரும் மாத்த முடியாது."

அறைக்கதவில் தாழ்ப்பாள் இல்லை. எடை பார்க்கிற அறைக்கு எதற்குத் தாழ்ப்பாள் என்று கட்டியவர்கள் நினைத்திருப்பார்கள். கைப்பிடி ஒருமுறை கீழே இறங்கி மேலே வந்தது. கழுத்தக்கா திரும்பி, கதவில் முதுகைச் சாய்த்து, இரண்டு காலையும் எடை மெஷினில் முட்டுக் கொடுத்து நின்றாள். வெளியிலிருந்து அவன் தள்ளினான். முதலில் லேசாக, பிறகு லேசாக இல்லை. கதவு ஒரு விரல் அகலம் திறந்து மூடியது. அந்த இடுக்கு வழியாக, பேர் சொல்லி, தாழ்ந்த குரலில், "வீட்டுக்கு வந்துதானே ஆகணும்" என்றான்.

அந்தப் பெண் உட்கார்ந்த இடத்திலிருந்து அசையவில்லை. கழுத்தக்கா பல்லைக் கடித்துக்கொண்டு, உள்கதவைப் பார்த்தபடி, டாக்டர் அறையில் நாற்காலி நகரும் சத்தம் கேட்கும் வரைக்கும் அப்படியே நின்றாள்.